உவர்மலையில் ஒரு வாடகை வீடு

தூத்துக்குடியிலிருந்து இலங்கையின் திருகோணமலைக்கு, உவர்மலைப் பகுதிக்குக் குடிவந்து நான்கு வருஷம் ஆகிறது. என் கணவருக்குச் சீனன்குடா எண்ணெய்த் தொட்டிகளில் பராமரிப்பு வேலை. அதே கடல், அதே தமிழ், பழகுவதில் என்ன சிரமம் என்று நினைத்துத்தான் வந்தேன். முதல் வாரமே கடையில் வேர்க்கடலை கேட்டேன், கடைக்காரர் விழித்தார். கச்சான் என்று கேட்டிருக்க வேண்டுமாம். பிரெட்டுக்குப் பாண். பக்கத்து வீட்டு அக்கா "வெளிக்கிட்டிட்டீங்களா?" என்றபோது வீட்டைக் காலி செய்யச் சொல்கிறாரோ என்று பயந்தே போனேன். கிளம்பியாச்சா என்று கேட்டிருக்கிறார், அவ்வளவுதான்.

வீட்டுக்கார அம்மாவுக்கு எண்பத்தைந்து வயது. தெருவே அம்மம்மா என்று கூப்பிடுகிறது, நானும் அப்படியே. அவருடைய அப்பா டொக்யார்டில், அதாவது கப்பல் பழுதுபார்க்கும் தளத்தில், தச்சு வேலை பார்த்தவர். இப்போது அங்கே இலங்கைக் கடற்படை இருக்கிறது. அம்மம்மா பேச்செடுத்தால் மட்டும் அது இன்னும் வெள்ளைக்காரனுடைய நேவிதான்.

1948இல் இலங்கைக்குச் சுதந்திரம் வந்த பிறகும் பிரிட்டிஷ் கடற்படையின் கிழக்கிந்தியத் தலைமையகம் இங்கேயே இருந்தது என்பது அவர் சொல்லித்தான் எனக்குத் தெரியும். 1947 நவம்பரில் போட்ட பாதுகாப்பு ஒப்பந்தம் அதற்கு வழிவிட்டிருந்தது. நாடு இலங்கையருடையது, துறைமுகம் நட்பு நாட்டுக்காரனுடைய பொறுப்பு. கப்பல்களுக்கு எண்ணெய் நிரப்புவது, பழுது பார்ப்பது, பாரசீக வளைகுடா வரைக்கும் ரோந்து போவது எல்லாம் இங்கிருந்துதான் நடந்தன. பிரிட்டன் தன் கடல்பாதையைக் காத்துக்கொண்டது, இலங்கைக்கும் ஒரு காவல் கிடைத்தது. யாருக்கு லாபம் அதிகம் என்று கேட்டால் முதலாவதைத்தான் நான் சொல்வேன்.

அரிசி விலை 25 சதத்திலிருந்து 70 சதமாக ஏறி, 1953 ஆகஸ்டில் நாடே ஹர்த்தாலில் இறங்கியபோது, கொழும்புத் துறைமுகத்தில் நின்ற நியூஃபவுண்ட்லாண்ட் என்ற பிரிட்டிஷ் போர்க்கப்பலில் போய்த்தான் அமைச்சரவை கூடியது. "எங்கட மந்திரிமாருக்கு எங்கட சனத்துக்குப் பயம், பிள்ளை. வெள்ளைக்காரன்ட கப்பல்ல போய் ஒளிச்சவங்க" என்று அம்மம்மா இன்றும் சிரிப்பார்.

1956இல் ஆட்சிக்கு வந்த பிரதமர் பண்டாரநாயக்க பிரிட்டிஷ் படைத் தளங்களைத் திருப்பிக் கேட்டார். 1957 அக்டோபர் 15இல் திருகோணமலை கைமாறியது. அப்போது அம்மம்மாவுக்குப் பதினேழு வயது. "கொடி இறங்கினது எங்களுக்குச் சந்தோஷம். அப்பாவுக்குச் சம்பளம் நிண்ட கவலை." அந்த அப்பா பிறகு வீட்டு முற்றத்திலேயே பட்டறை போட்டார். இன்று என் பாத்திரங்கள் இருக்கும் மர அலுமாரி அவர் செய்தது. நான்கு வருஷமாகத் திறந்து மூடுகிறேன், ஒரு கீல்கூடக் கத்தியதில்லை.

எங்கள் வீட்டில் அடுப்பு எரிவதும் அந்தக் கப்பற்படை விட்டுப்போனதால்தான். சீனன்குடாக் காட்டுக்குள் இருக்கும் 99 தொட்டிகளும் அதன் கப்பல்களுக்காகக் கட்டியவை. ஒவ்வொன்றும் சுமார் 12,000 டன் கொள்ளும். 1942 ஏப்ரல் 9இல் ஜப்பானிய விமானம் ஒன்று விழுந்து எரிந்த தொட்டியின் உருகிய தகடுகளைக் கணவர் ஒருநாள் காட்டினார். செடி முளைத்துக் கிடந்தது. 1987 இந்திய இலங்கை ஒப்பந்தத்தோடு பரிமாறிய கடிதங்களில்கூட இந்தத் தொட்டிகளும் துறைமுகமும் வருகின்றன. இந்தியாவுக்குப் பாதகமாக வேறு எந்த நாட்டுப் படைக்கும் துறைமுகத்தை விடக்கூடாது என்று எழுதியிருக்கிறது. அதைச் சொன்னபோது அம்மம்மா என்னை மேலும் கீழும் பார்த்தார். "அப்ப இப்ப நீங்களோ?"

எனக்கு என்ன சொல்வதென்று தெரியவில்லை. சொதி கொதிக்கிறது என்று அடுப்படிக்குப் போய்விட்டேன்.

இந்த வருஷம் வீசா புதுப்பிக்கும்போது ஒரு தாள் குறைகிறது என்று இரண்டு முறை கொழும்புக்கு அலைய விட்டார்கள். முத்திரை விழுந்து, இரவு பஸ்ஸில் திரும்பி வந்து படியேறினால் அம்மம்மா வாசலில் உட்கார்ந்திருக்கிறார்.

"எத்தின நாளைக்குத் தந்தவங்கள்?"

"ஒரு வருஷம் அம்மம்மா."

"சரி. அப்ப வாடகை நிக்காது" என்றார்.