மசரோபி படங்களை வருஷ வரிசையில பாக்குறேன், இப்போ 1961ல நிக்குது

பிரேசில் காமெடி நடிகர் அமாசியோ மசரோபி மொத்தம் 32 படம் நடிச்சிருக்காரு, அதை 1952ல இருந்து வரிசையா பாத்துட்டு வர்றேன். போர்ச்சுகீஸ் நமக்கு அரைகுறைதான், அதனால முதல்ல சவுண்டை ம்யூட்ல போட்டு பாக்குறது, எங்கெங்க சிரிப்பு வருதோ அந்த இடத்தை நோட்ல குறிச்சுக்குறது, அப்புறம் சவுண்டோட இன்னொரு ரவுண்டு.

முதல் படம் 'சாய் டா ஃப்ரென்டே', வேரா குரூஸ் கம்பெனி எடுத்தது. லாரி டிரைவர், கூட ஒரு நாய், சாவோ பாலோல இருந்து சாந்தோஸுக்கு வீட்டு சாமான் ஏத்திட்டு போறாரு, அவ்ளோதான் கதை. ம்யூட்லயே ஜாலியா ஓடுது. ஐரோப்பால இருந்து டெக்னீஷியன்களை வரவழைச்ச கம்பெனிங்கிறதால கேமரா, லைட்டிங் எல்லாம் பக்கா. ஆனா கூடார நாடகம், ரேடியோன்னு ஊரெல்லாம் சுத்தி வந்த மனுஷன் இதுல சம்பளத்துக்கு நடிக்கிற ஆளுதான், ஃபிரேம்ல கொஞ்சம் அடங்கியே இருக்காரு.

1958ல சொந்த சொத்தை வித்து பாம் ஃபில்மேஸ்னு கம்பெனி ஆரம்பிச்சாரு பாருங்க, அங்கதான் என் நோட்டு நிறைய ஆரம்பிச்சுது. கதை, தயாரிப்பு, விநியோகம் எல்லாத்துலயும் அவர் கை, தியேட்டர்ல டிக்கெட் கணக்கு சரியா வருதான்னு பாக்க ஆள் வேற அனுப்புவாராம். 1959ல 'ஜெக்கா தாத்து'. மொன்டேரோ லோபாத்தோ எழுதின சோம்பேறி குடியானவன் கேரக்டர்தான், ஆனா இவர் போட்டா வேற ஆளு. கணுக்காலுக்கு மேல நிக்கிற பேன்ட், கட்டம் போட்ட சட்டை, அந்த வளைஞ்ச நடை, வாயே திறக்க வேணாம், நடந்து வந்தாலே சிரிப்பு வந்துடுது. கடன்ல கொஞ்சம் கொஞ்சமா நிலம் கைவிட்டு போற கதைக்குள்ள இப்படி சிரிக்க வைக்கிறது லேசுப்பட்ட வேலை இல்ல.

பாட்டு வர்ற இடத்துல இழுவை, அதை ஓட்டித்தான் பாத்தேன். விமர்சகருங்க அவரை திட்டுனதுக்கு பாதி காரணம் புரியுது, ஒரே ஆளையே திரும்ப திரும்ப போடுறாருன்னு. எனக்கு அது குறையா படல, ஜனங்க அந்த ஆளைப் பாக்கத்தானே வந்தாங்க.

இப்போ பாத்து முடிச்சது 'த்ரிஸ்தேசா டோ ஜெக்கா', கலர் படம், டைரக்‌ஷனும் அவரே. இதுல ஜெனி பிராடோதான் எனக்கு ஹீரோ. நிறைய படத்துல இவருக்கு பொண்டாட்டியா வர்றவங்க, அவங்க ஒரு முறை முறைச்சா போதும், அவர் ஜோக் ரெட்டிப்பாகுது. ம்யூட்ல பாக்கும்போதுதான் இதை நல்லா கவனிக்க முடிஞ்சுது.

அடுத்து 1962ல வந்த சாசேஜ் விக்கிறவர் கதை, அதுக்கப்புறம் 1963 'காசின்யா பெக்கெனினா', அது அடிமை முறை இருந்த காலத்துல நடக்குற படம், நல்ல பிரிண்ட் தேடிட்டு இருக்கேன்.