வாடகைப் பத்திரத்தில் நான் எழுதாமல் விட்டது

காரைக்குடியில் ஒரு சின்னக் கடையில் 11 வருஷமாக டைப் அடிக்கிறேன். பயோடேட்டா, பட்டா மனு என்று எல்லாம் வரும். ஆனால் ஜூன், ஜூலை ஆகிவிட்டால் வாடகைப் பத்திரம்தான். சிக்ரிக்கு (மத்திய மின்வேதியியல் ஆராய்ச்சி நிலையம்) ஆராய்ச்சிக்கு வருகிறவர்கள், அழகப்பா பல்கலைக்கழகத்தில் சேரும் பிள்ளைகள், பேங்க் வேலையில் மாற்றலாகி வரும் குடும்பங்கள் என்று வந்துகொண்டே இருப்பார்கள். கம்ப்யூட்டரில் ஒரு மாதிரி இருக்கும், அதில் பெயர், கதவு எண், வாடகை, அட்வான்ஸ், தேதி மாற்றினால் பத்து நிமிஷத்தில் பிரிண்ட் எடுத்துவிடலாம். கால அளவு எப்போதும் 11 மாதம்.

அந்த மாதிரியில் ஒரு வரி உண்டு. 'வீட்டைத் தற்போது உள்ள நல்ல நிலையிலேயே திரும்ப ஒப்படைக்க வேண்டியது.' தற்போது உள்ள நிலை என்ன என்று நான் ஒரு பத்திரத்திலும் அடித்ததில்லை. யாரும் கேட்டதும் இல்லை.

சில வருஷத்துக்கு முன்னால் ஒரு ஆச்சி மஞ்சள் பையோடு கடைக்கு வந்தார். பின்னாலேயே, அவர் வீட்டு இரண்டாம் கட்டில் குடியிருந்து காலி செய்த வாத்தியார். ஆச்சி பையிலிருந்து செய்தித்தாளில் சுற்றிய ஒரு ஆத்தங்குடித் தரைக்கல்லை எடுத்து என் மேஜையில் வைத்தார். பச்சைப் பூப் போட்ட கல், ஒரு முனை சில்லாக உடைந்திருந்தது. "எங்க மாமியா காலத்துத் தரை தம்பி, ஒரு கீறல் கிடையாது" என்றார். "நாங்க வரும்போதே அப்படித்தாங்க இருந்துச்சு, மேல பாய் போட்டிருந்துச்சு" என்றார் வாத்தியார். வாடகை 5,000, அட்வான்ஸ் 40,000. எவ்வளவு பிடிப்பது என்பதுதான் சண்டை.

வெளியூர்க்காரர்களுக்கு இது ஒரு டைல்ஸ் கல் விவகாரமாகத் தோன்றலாம். ஆத்தங்குடிக் கல் கையால் செய்வது. கண்ணாடி மேல் அச்சு வைத்து, சாயம் ஊற்றி, சிமெண்ட் போட்டு எடுத்து, தண்ணீரில் ஊறவைத்துக் காயவைப்பார்கள். அதே பூவில் புதுக்கல் வாங்கிப் பதித்தாலும் பழைய தரையில் அது தனியாகத் தெரியும், ஏனென்றால் அந்தப் பளபளப்பு பல வருஷம் ஆட்கள் நடந்து நடந்து வருவது. ஆச்சியின் கோபம் எனக்குப் புரிந்தது. வாத்தியார் பொய் சொல்கிற ஆள் இல்லை என்பதும் தெரிந்தது. இரண்டு பேரும் நான் அடித்த பத்திரத்தை விரித்துவைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார்கள். அதில் இருந்தது 'நல்ல நிலை' என்ற இரண்டு வார்த்தைதான். கடைசியில் 6,000 பிடித்துக்கொண்டார்கள். இருவரும் மனக்கசப்போடுதான் படி இறங்கினார்கள்.

அப்புறம்தான் சட்டத்தை எடுத்து உட்கார்ந்து படித்தேன். 1960-ம் வருஷத்துப் பழைய வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் போய், 2017-ல் இயற்றிய புதுச் சட்டம் 2019 பிப்ரவரி 22 முதல் நடப்பில் இருக்கிறது. வாய்ப்பேச்சு போதாது, எழுத்தில் ஒப்பந்தம் வேண்டும், அதை வாடகை அதிகாரியிடம் பதிந்து எண் வாங்க வேண்டும். 11 மாதம் போட்டால் பதிய வேண்டாம் என்று எங்கள் பக்கம் எல்லோரும் நினைக்கிறார்கள், நானும் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தேன். அது பத்திரப்பதிவுச் சட்டத்தின் கணக்கு, இந்தச் சட்டத்துக்கு அது செல்லாது. தனியாக வேறு பேசி எழுதிக்கொள்ளாவிட்டால் அட்வான்ஸ் மூன்று மாத வாடகைக்கு மேல் கேட்கக் கூடாது. காலி செய்தபின் பிடிக்க வேண்டியதைப் பிடித்துக்கொண்டு ஒரு மாதத்துக்குள் மீதியைத் திருப்ப வேண்டும்.

யார் எதைப் பழுது பார்ப்பது என்றும் அதில் பட்டியலே இருக்கிறது. சுவர், கூரை போன்ற கட்டுமானம், வெள்ளையடிப்பது, குழாய் மாற்றுவது, ஒயரிங் எல்லாம் உரிமையாளர் பொறுப்பு. டேப் வாஷர், சுவிட்ச், பூட்டு, சாக்கடை அடைப்பு எல்லாம் குடியிருப்பவர் பொறுப்பு. வாடகை பாக்கி என்பதற்காக மோட்டாரை நிறுத்துவதோ கரண்டைப் பிடுங்குவதோ கூடாது, பாக்கிக்குத் தனி வழி இருக்கிறது. வீட்டைப் பார்க்க வர வேண்டுமென்றால் 24 மணி நேரத்துக்கு முன்னால் தகவல் சொல்ல வேண்டும். இந்தக் கடைசி விஷயம் எங்கள் ஊரில் யாருக்கும் ஒப்பாது. தன் வீட்டுக்குள் போக எதற்கு அனுமதி என்பார்கள். பச்சைக்குழந்தையை வைத்துக்கொண்டு ஒரு பெண் உள்ளே இருக்கிறாள் என்பதை நினைத்துப் பார்த்தால் போதும்.

செட்டிநாட்டு வீடுகளில் இன்னொரு சிக்கல், புள்ளிக் கணக்கு. புள்ளி என்றால் வீட்டில் பங்குள்ள ஒரு குடும்பம். ஒரு வீட்டுக்கு நாலு புள்ளி, அஞ்சு புள்ளி பங்கு இருக்கும். ஊரில் இருக்கிற ஒருவர் வாடகைக்கு விடுவார், சென்னையில் இருக்கிற பங்காளி கல்யாணத்துக்கு வந்து இறங்கி, என் அறையைத் திற என்பார். நடுவில் மாட்டிக்கொள்வது குடியிருப்பவர். அதனால் இப்போது மற்றப் பங்காளிகளின் சம்மதக் கடிதம் இருக்கிறதா என்று முதலில் கேட்கிறேன். வளவுக்கு (முற்றமும் அதைச் சுற்றிய பகுதியும்) யார் வரலாம், விசேஷத்துக்கு முகப்பு யாருக்கு, பூட்டிக் கிடக்கும் அறைகளின் சாவி யாரிடம், எல்லாவற்றையும் பத்திரத்தில் போடச் சொல்கிறேன். சிலர் கோபித்துக்கொண்டு வேறு கடைக்குப் போய்விடுகிறார்கள். போகட்டும்.

நிலைக்கென்று இப்போது தனித்தாள் ஒன்று வைத்திருக்கிறேன். தரை, சுவர், கதவு, ஃபேன், குழாய், மீட்டர் ரீடிங் எல்லாம் எழுதி, போட்டோ எடுத்து, இரண்டு பேரும் கையெழுத்துப் போட வேண்டும். இதனால் ஒரு பத்திரத்துக்கு ஒரு மணி நேரம் ஆகிறது, ஆனால் அதற்காகக் காசு அதிகம் கேட்பதில்லை.

போன ஆனியில் அதே ஆச்சி புதுக் குடித்தனக்காரருக்குப் பத்திரம் போட வந்தார். வீட்டைப் பார்க்காமல் அடிக்க மாட்டேன் என்றேன். முகத்தைச் சுளித்தவர், அப்புறம் சரி வா என்று கூட்டிப் போனார். மருமகனாக வரப்போகிறவன் வீடு பார்ப்பது மாதிரி அந்தப் புதுப் பையன் கூச்சப்பட்டு நிலைப்படி ஓரமாகவே நின்றான். நான் போனில் ஒவ்வொன்றாக எழுதிக்கொண்டு வந்தேன். ஆச்சி குனிந்து, மூலையில் கிடந்த பாயைத் தானே சுருட்டி எடுத்தார். கீழே நீளமாக ஒரு விரிசல், இரண்டு கல் தாண்டிப் போயிருந்தது. கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"இதையும் எழுதிக்க தம்பி" என்றார். "அந்த வாத்தியார் நம்பர் உங்கிட்ட இருக்கா?"