சர்க்கரை இறங்கியது, எண் ஏறியது

என் அத்தையின் நோயை முதலில் கண்டவர் தாராவியில் 90 அடி சாலையை ஒட்டிய சந்தில் வெள்ளிக்கடை வைத்திருப்பவர்தான் என்று இப்போது நினைக்கிறேன். நான்கு ஆண்டுகளுக்குள் இரண்டு முறை அவர் அத்தையின் கால்விரலில் இறுகிப்போன மெட்டியை வெட்டி எடுத்திருக்கிறார். இரண்டாம் முறை வெட்டும்போது, "என்னக்கா, உங்களுக்கு மட்டும் விரல் வளந்துக்கிட்டே இருக்கு?" என்று கேட்டாராம். அத்தை அதை வீட்டில் வேடிக்கையாகச் சொல்ல, எல்லோரும் சிரித்தோம். சயானில் ஓர் ஆய்வகத்தில் பதினோரு ஆண்டுகளாக ஹார்மோன் பரிசோதனைப் பிரிவில் வேலை பார்க்கும் நானும் அவர்களோடு சேர்ந்துதான் சிரித்தேன்.

அத்தைக்கு அப்போது 53 வயது. ஆறு ஆண்டுகளாகச் சர்க்கரை, மூன்று வகை இரத்த அழுத்த மாத்திரை, மணிக்கட்டில் நரம்பு நெருக்குண்டு விரல்கள் மரத்துப்போனதற்காக வலது கையில் ஓர் அறுவைச் சிகிச்சை, பக்கத்து வீட்டுக்காரர்கள் மாமாவிடம் குறைப்பட்டுக்கொள்ளும் அளவுக்குக் குறட்டை என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு மருத்துவர், ஒரு கோப்பு, ஒரு மருந்துச்சீட்டு இருந்தது. முகம் பருத்ததையும் குரல் தடித்ததையும் யாரும் எந்தக் கோப்பிலும் எழுதவில்லை; அன்றாடம் பார்க்கிற முகத்தில் மெல்ல நடக்கும் மாற்றம் கண்ணில் படுவதில்லை. திருநெல்வேலியிலிருந்து வந்த உறவினர் ஒருவர் மட்டும், "ஆளே மாறிட்டியேம்மா" என்றார். பம்பாய்த் தண்ணீர் அப்படி என்று மாமா சமாளித்தார்.

சர்க்கரை எந்த மாத்திரைக்கும் அடங்காததால், பரேலில் உள்ள ஒரு மாநகராட்சி மருத்துவமனையின் நாளமில்லாச் சுரப்பிப் பிரிவுக்கு அனுப்பினார்கள். அங்கே இருந்த இளம் மருத்துவர் கோப்புகளைப் புரட்டுவதற்கு முன்பாக அத்தையின் கைகளைப் பார்த்தார். செருப்பு எண் மாறியிருக்கிறதா என்று கேட்டார். ஆறிலிருந்து எட்டுக்குப் போயிருந்தது. பழைய புகைப்படம் ஏதாவது உண்டா என்று கேட்டபோது, மாமா தன் கைபேசியில் பத்து ஆண்டுகளுக்கு முந்தைய ஒரு கல்யாணப் படத்தைத் தேடிக் காட்டினார். புருவ மேடும் தாடையும் மூக்கும் படத்தில் வேறாக இருந்தன. மருத்துவர் சீட்டில் ஒரே ஒரு பரிசோதனையை எழுதினார்: ஐ.ஜி.எஃப்-1. இன்சுலினை ஒத்த வளர்ச்சிக் காரணி 1 என்பது அதன் முழுப்பெயர். என் மேசையில் வாரந்தோறும் ஓடும் பரிசோதனை அது.

அவர் சந்தேகித்த நோயின் பெயர் அக்ரோமெகலி. 1886-இல் பியர் மரி என்ற பிரெஞ்சு மருத்துவர் இந்தப் பெயரை வைத்தார். மூளைக்கு அடியில் பட்டாணி அளவில் இருக்கும் பிட்யூட்டரி சுரப்பியில், பெரும்பாலும் புற்றல்லாத ஒரு சிறு கட்டி தோன்றி, வளர்ச்சி ஹார்மோனைக் கணக்கில்லாமல் சுரக்கிறது. சிறு வயதில் இது வந்தால் ஆள் அளவுக்கு மீறி உயர்ந்துவிடுவார். எலும்பின் நுனிகள் மூடிய பிறகு வந்தால் உயரம் கூடாது, கையும் காலும் தாடையும் நாக்கும் பருக்கும், இதயமும் பெரிதாகும், சர்க்கரையும் அழுத்தமும் ஏறும்.

அப்படியானால் வளர்ச்சி ஹார்மோனையே அளந்துவிடலாமே என்று கேட்கத் தோன்றும். வேலைக்குச் சேர்ந்த புதிதில் நானும் கேட்டிருக்கிறேன். அந்த ஹார்மோன் சீராகச் சுரப்பதில்லை. நாளுக்குப் பல முறை, குறிப்பாக இரவின் ஆழ்ந்த உறக்கத்தில், குபுக்கென்று இரத்தத்தில் இறங்குகிறது. அடுத்த இருபது நிமிடங்களில் பாதியாகக் குறைந்துவிடுகிறது. ஆரோக்கியமானவரிடம் அந்த உச்சத்தில் ஊசி குத்தினால் எண் பயமுறுத்தும். நோயாளியிடம் இரண்டு அலைகளுக்கு நடுவே குத்தினால் எண் பெரிதாக ஒன்றும் சொல்லாது. ஐ.ஜி.எஃப்-1 அப்படியல்ல. வளர்ச்சி ஹார்மோனின் கட்டளைப்படி பெரும்பகுதி கல்லீரலில் உண்டாகும் இது, இரத்தத்தில் தனியாகத் திரியாமல் வேறு இரண்டு புரதங்களோடு பிணைந்து சுற்றுவதால் பல மணி நேரம் தங்குகிறது. காலையா மாலையா, சாப்பிட்டாரா இல்லையா என்பதெல்லாம் இதற்குப் பொருட்டல்ல. பல நாள் சுரப்பின் சராசரியை ஒரு குழாய் இரத்தம் காட்டிவிடுகிறது. சர்க்கரைக்காரர்களுக்கு எளிதில் புரியும்படி சொன்னால், விரல் நுனியில் குத்திப் பார்க்கும் சர்க்கரைக்கும் மூன்று மாதச் சராசரிக்கும் உள்ள உறவு போன்றது இது.

இந்த இடைத்தரகர் இருப்பதே 1957 வரை தெரியாது. அமெரிக்காவில் சால்மனும் டாகடேயும் பிட்யூட்டரி நீக்கிய எலிகளின் குருத்தெலும்பை எடுத்து ஆராய்ந்தபோது, வளர்ச்சி ஹார்மோனை அதன்மேல் நேரடியாக ஊற்றினால் பெரிய விளைவு எதுவும் இல்லை, ஆனால் அந்த ஹார்மோன் செலுத்தப்பட்ட எலியின் சீரத்தை ஊற்றினால் குருத்தெலும்பு கந்தகத்தை உறிஞ்சி வளரத் தொடங்குகிறது என்று கண்டார்கள். ஆக, ஹார்மோன் தானே வேலை செய்யாமல் இன்னொன்றை ஏவுகிறது. அந்த இன்னொன்றின் வரிசை 1978-இல் சூரிச்சில் ரிண்டர்க்னெக்ட், ஹும்பெல் இருவராலும் வெளியிடப்பட்டது: 70 அமினோ அமிலங்கள், இன்சுலினின் முன்வடிவத்தை ஒத்த அமைப்பு. பெயரில் இன்சுலின் ஒட்டிக்கொண்டிருப்பதன் காரணம் அதுதான். அத்தையின் கதையில் இன்சுலின் வேறொரு வழியாகவும் உள்ளே வந்தது.

முதல் முடிவு மில்லிலிட்டருக்கு 262 நானோகிராம் என்று வந்தது. அந்த வயதுக்கு எங்கள் கிட்டின், அதாவது நாங்கள் வாங்கிப் பயன்படுத்தும் பரிசோதனைத் தொகுப்பின், வரம்பு 87 முதல் 238 வரை. உச்ச வரம்பைச் சற்றே தாண்டிய எண். கணினித் திரையில் அதைப் பார்த்தபோது எனக்கு நிம்மதியாகத்தான் இருந்தது. 262-ஐ வைத்துக்கொண்டு ஒருவரின் தலைக்குள் கட்டி இருக்கிறது என்று யார் சொல்வார்கள்? கருவிகளோடு பழகியவர்களுக்கு இந்த நோய் உண்டு: எண் அச்சாகிவிட்டால் ஆளைப் பார்ப்பதை நிறுத்திவிடுவோம்.

மருத்துவர் நிறுத்தவில்லை. அதே நாளில் எடுத்த மூன்று மாதச் சர்க்கரைச் சராசரி 11.4 என்று இருந்ததைச் சுட்டிக்காட்டி, இந்த 262-ஐத் தாம் நம்பவில்லை என்றார். கல்லீரல் வளர்ச்சி ஹார்மோனின் கட்டளையைக் கேட்க வேண்டுமானால் அதற்குப் போதிய இன்சுலின் வந்து சேர வேண்டும். கணையத்திலிருந்து புறப்படும் இன்சுலின் முதலில் போய்ச் சேரும் இடம் கல்லீரல்தான். அது குறைந்தால் வளர்ச்சி ஹார்மோனைப் பற்றும் ஏற்பிகளும் கல்லீரலில் குறைந்துவிடுகின்றன. எனவே சர்க்கரை நெடுநாள் கட்டுக்கடங்காமல் கிடக்கும் ஒருவரிடம், பிட்யூட்டரி எவ்வளவு கத்தினாலும் கல்லீரல் அரைக் காதோடுதான் கேட்கும். உண்மையில் மேலே இருக்க வேண்டிய எண் சாதாரண எண்ணைப் போல வேடமிட்டு நிற்கும்.

யோசித்துப் பார்த்தால் இதில் உடலின் ஒரு நியாயம் தெரிகிறது. உண்ண இல்லாதபோது வளரக் கூடாது. சத்துக்குறைவான குழந்தைகளின் இரத்தத்தில் வளர்ச்சி ஹார்மோன் கூடுதலாகவும் ஐ.ஜி.எஃப்-1 குறைவாகவும் இருப்பது இதனால்தான். இஸ்ரேலில் 1966-இல் ட்ஸ்வி லாரோன் விவரித்த குள்ளத்தன்மையிலும் இதே முரண் உண்டு. அங்கே ஏற்பியே பழுது, ஆகவே ஹார்மோன் நிரம்பி வழிந்தாலும் ஐ.ஜி.எஃப்-1 அடிமட்டத்தில் கிடக்கும்.

அத்தைக்கு இன்சுலின் ஊசி தொடங்கினார்கள். மாமாதான் குத்தக் கற்றுக்கொண்டார். தோல் பைகள் தைக்கும் தொழில் செய்பவர், ஊசிக்குத் தம் கை பழகியது என்று சொல்லிக்கொண்டார். மூன்று மாதத்தில் சராசரி 7.6-க்கு இறங்கியது. உடம்பு தேறியிருக்கிறது, களைப்பு குறைந்திருக்கிறது என்று அத்தையே சொன்ன அந்த வாரத்தில் மீண்டும் இரத்தம் எடுத்து அதே கருவியில், அதே கிட்டில் ஓட்டினோம். 641. கருவியைச் சரிபார்க்க ஓட்டும், அளவு முன்பே தெரிந்த கன்ட்ரோல் சாம்பிள் சரியாக இருக்கிறதா என்று பார்த்தேன்; சரியாக இருந்தது. சாம்பிளை மறுபடி ஓட்டினேன். 633. நோயாளி தேறத் தேற ஏறிய ஓர் எண்ணை நான் அதுவரை கண்டதில்லை.

அதே கிட் என்று அழுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. இந்தப் புரதம் பிணைப்புப் புரதங்களோடு கட்டுண்டு கிடப்பதால், அளப்பதற்கு முன் அதை அமிலத்தால் விடுவிக்க வேண்டும். விடுவித்தபின் மீண்டும் ஒட்டிக்கொள்ளாமல் இருக்க, அதன் உடன்பிறப்பான ஐ.ஜி.எஃப்-2-ஐ அளவுக்கு மிஞ்சிச் சேர்த்து அந்த இடங்களை அடைத்துவிடும் வழக்கம் பல கிட்டுகளில் உண்டு. இந்த வேலையை ஒவ்வொரு தயாரிப்பாளரும் ஒவ்வொரு விதமாகச் செய்கிறார்கள். ஆகவே ஒரே குழாய் இரத்தம் மாட்டுங்காவில் ஓர் எண்ணும் செம்பூரில் வேறோர் எண்ணும் தரலாம். இரண்டும் அதனதன் வரம்போடு வைத்துப் பார்த்தால் சரியாகவே இருக்கலாம். சலுகை விலைக்காக ஆய்வகத்தை மாற்றிக்கொண்டே போகும் நோயாளிகளின் ரிப்போர்ட்டுகளை அடுக்கி, கோடு ஏறுகிறதா இறங்குகிறதா என்று மருத்துவர்கள் விழிப்பதை நான் பார்த்திருக்கிறேன். முடி உதிர்வுக்காக அதிக அளவில் பயோட்டின் என்ற வைட்டமின் மாத்திரை சாப்பிடுபவர்கள் அதைச் சொல்லாமல் வருவதும் ஒரு தொல்லை. பயோட்டின் பிணைப்பைப் பயன்படுத்தும் கிட்டுகளில் அது எண்ணைக் குலைத்துவிடும். வாய்வழி ஈஸ்ட்ரோஜன், கல்லீரல் நோய், தைராய்டு குறைவு ஆகியவையும் எண்ணைக் கீழே இழுக்கும். கருவுற்ற பெண்ணிடமும் பருவமடையும் பிள்ளையிடமும் இயல்பாகவே மேலே நிற்கும். பதினைந்து வயதுப் பையனுக்கு 450 இயல்பு, அத்தைக்கு அது நோய். இதனால்தான் முழு உடல் பரிசோதனைத் தொகுப்புகளில் இதையும் சேர்த்து, எந்த அறிகுறியும் இல்லாதவர்களிடம் விற்பதை என்னால் ஏற்க முடியவில்லை. அப்படிப் பார்த்த எண் சற்று கூடவோ குறையவோ வந்தால், அதைக் கையில் வைத்துக்கொண்டு அவர் எங்கே போவார்?

வழக்கமாக ஐயம் இருந்தால் 75 கிராம் குளுக்கோஸ் கரைத்துக் கொடுத்து, வளர்ச்சி ஹார்மோன் அடங்குகிறதா என்று இரண்டு மணி நேரம் பார்ப்பார்கள். ஆரோக்கியமானவரிடம் அடங்கிவிடும், கட்டி உள்ளவரிடம் அடங்காது. சர்க்கரை நோயாளியிடம் அதைச் செய்வதும் படிப்பதும் சிக்கல். கையும் முகமும் எண்ணும் ஒரே திசையைக் காட்டியதால், மருத்துவர் நேராக எம்.ஆர்.ஐ. எடுக்கச் சொன்னார். பிட்யூட்டரியில் 14 மில்லிமீட்டர் கட்டி இருந்தது. பத்து மில்லிமீட்டரை எட்டினாலே பெரிய கட்டி என்றுதான் கணக்கு.

மூக்கின் வழியாக அறுவைச் சிகிச்சை செய்தார்கள். தலையைத் திறக்காமல் மூளைக்கு அடியில் எப்படிப் போக முடியும் என்று அத்தை கடைசிவரை நம்பவில்லை. அதைப் பற்றி நான் அதிகம் எழுதப் போவதில்லை. ஆறாம் நாள் வீட்டுக்கு வந்துவிட்டார். வளர்ச்சி ஹார்மோன் கட்டியை எடுத்த உடனேயே சரிந்துவிடும், ஆனால் ஐ.ஜி.எஃப்-1 மெதுவாகத்தான் இறங்கும் என்பதால் பன்னிரண்டு வாரம் காத்திருக்கச் சொன்னார்கள். அந்த மூன்று மாதமும் மாமா ஞாயிறுதோறும் என்னைக் கூப்பிட்டு, "இப்போ ஒரு தடவை பாத்துட்டா என்னய்யா?" என்று கேட்பார். பார்த்திருந்தால் பாதி இறங்கிய ஓர் எண்ணைப் பார்த்துக் குடும்பமே கலங்கியிருக்கும்.

பன்னிரண்டாவது வாரத்தில் 287 வந்தது. 641-லிருந்து அது நல்ல சரிவு, ஆனாலும் வரம்புக்கு வெளியேதான். கட்டியின் ஒரு துணுக்கு பக்கவாட்டில் தங்கியிருக்கிறது. அதை எடுக்க முயல்வது ஆபத்து. அதனால் இருபத்தெட்டு நாளுக்கு ஒரு முறை இடுப்புக்குக் கீழே, வளர்ச்சி ஹார்மோன் சுரப்பை அடக்கும் ஆக்ட்ரியோடைடு ஊசி போடுகிறார்கள். எங்களைப் போன்ற குடும்பத்துக்கு அதன் விலை சிறிய சுமையல்ல. அடுத்த ஊசிக்கு முந்தைய நாள் இரத்தம் எடுக்க வேண்டும், அப்போதுதான் மருந்தின் பிடி மிகத் தளர்ந்த நேரத்திலும் எண் வரம்புக்குள் நிற்கிறதா என்று தெரியும். இந்த ஊசி பலிக்காதவர்களுக்கு, வளர்ச்சி ஹார்மோனின் ஏற்பியையே அடைக்கும் பெக்விசோமன்ட் என்ற மருந்து உண்டு. அதைப் போட்டுக்கொண்டால் இரத்தத்தில் ஹார்மோன் குறையாது, கூடவே செய்யும். மருந்து வேலை செய்கிறதா என்று சொல்ல ஐ.ஜி.எஃப்-1 ஒன்றுதான் மிஞ்சும். அத்தைக்கு அது தேவைப்படவில்லை.

கடைசியாகப் பார்த்தபோது 204. குறட்டை குறைந்திருக்கிறது, இன்சுலின் அளவு பாதிக்கும் கீழே வந்துவிட்டது, மோதிரம் விரலில் மறுபடி சுழல்கிறது. ஆனால் எலும்பு திரும்பச் சுருங்காது. செருப்பு எட்டாம் எண்தான். வெள்ளிக்கடைக்காரர் வாய் மூடாத வளையமாக ஒரு மெட்டி செய்து கொடுத்திருக்கிறார், தேவைப்பட்டால் கையாலேயே விரித்துக்கொள்ளலாம்.

அத்தையின் குழாய் வரும் நாளில் நான் அந்தக் கருவியின் பக்கம் போவதில்லை. பக்கத்து மேசையில் இருப்பவரிடம் கொடுத்துவிட்டு, முடிவு வந்ததும் சொல்லுங்கள் என்கிறேன். மாலையில் அத்தை கூப்பிட்டு, "எத்தன வந்திருக்குய்யா?" என்பார். சொன்னதும் தினசரிக் காலண்டரில் அன்றைய தாளைக் கிழித்து, பின்பக்கம் எழுதி, இன்சுலின் புட்டி இருக்கும் டப்பாவுக்குள் வைத்துக்கொள்வார். அடுத்த முறை ஊசிக்கு முந்தைய நாள் ஒரு வியாழக்கிழமை வருகிறது.