மெர்க்குரி மேடை: ஆறாவது வாரம்

நான் அட்டையில் செய்துவரும் பழைய வரவேற்பு மேடையின் சிறு மாதிரியில், ஸ்கெல்ட் நதித் தேவனின் காலில் சங்கிலி போட்டாயிற்று. ஆறு வாரமாக இந்த ஒரு வேலைக்காகத்தான் காத்திருந்தேன்.

1635 ஏப்ரல் 17 அன்று, ஸ்பெயின் மன்னர் நான்காம் பிலிப்பின் தம்பி ஃபெர்டினாண்ட், ஸ்பெயினின் ஆட்சியில் இருந்த நெதர்லாந்துப் பகுதியின் புதிய ஆளுநராக, ஸ்கெல்ட் நதிக்கரையில் (இன்றைய பெல்ஜியத்தில்) உள்ள ஆன்ட்வெர்ப் நகருக்குள் நுழைந்தார். அவரை வரவேற்க வழிநெடுக வளைவுகள், மேடைகள். வடிவமைப்புப் பொறுப்பு ஓவியர் ரூபென்ஸிடம். யோர்டான்ஸ், கொர்னேலிஸ் டி வோஸ் போன்ற நகரத்து ஓவியர்கள் கூடவே வேலை செய்தார்கள். அவ்வளவு உழைத்த ரூபென்ஸால் அந்த ஊர்வலத்தைப் பார்க்க முடியவில்லை. கவுட் என்னும் மூட்டுநோய் அவரைப் படுக்கையில் போட்டுவிட்டது. பிறகு இளவரசரே அவர் வீட்டுக்குப் போய்ப் பார்த்தார்.

அந்த வரிசையில் நான் மாதிரி செய்ய எடுத்துக்கொண்டது மெர்க்குரி மேடை. மற்ற மேடைகளில் பெரும்பாலானவை அரச குடும்பத்தையும் அவர்கள் வெற்றிகளையும் பாடுபவை. இது வேறு. 1585-இல் ஆன்ட்வெர்ப் ஸ்பெயின் வசமான பிறகு, ஸ்பெயினை எதிர்த்துப் போரிட்ட டச்சுக்காரர்கள் ஸ்கெல்ட் நதியின் முகத்துவாரத்தை அடைத்துவிட்டார்கள். கப்பல் வரத்து நின்று துறைமுகம் படுத்துவிட்டது. அந்தக் குறையை நகரம் வண்ணம் பூசி இளவரசர் கண் முன்னே நிறுத்தியது. நடுவில், வணிகக் கடவுளான மெர்க்குரி பீடத்தை விட்டுக் கிளம்புகிறான். ஆன்ட்வெர்ப் என்ற பெண் போகாதே என்று கெஞ்சுகிறாள். நதித் தேவன் விலங்கிட்ட காலோடு தூங்கிக் கிடக்கிறான். வேலையில்லாத மாலுமியும் அங்கே உண்டு. விழாக் கூட்டத்துக்கு நடுவே ஆள வந்தவரிடம் இப்படி ஒரு மனுவை நீட்ட எவ்வளவு துணிச்சல் வேண்டும்! அதனால்தான் இந்த மேடை மேல் எனக்கு இத்தனை பிரியம்.

போன மாதம் செய்த தவறைச் சொல்லிவிடுகிறேன். உச்சியில் நிற்கும் உருவங்களைக் களிமண்ணில் பிடித்து வைத்தேன். இரண்டே நாளில் பாரம் தாங்காமல் சன்போர்டு (இலேசான நுரைப்பலகை) வளைந்து, மேல் விளிம்பு முன்பக்கம் தொங்கிவிட்டது. அப்புறம்தான் மேடைகளைக் கட்டிய முறையைப் படித்தேன். மரச்சட்டம், அதன்மேல் வண்ணம் தீட்டிய கித்தான். உச்சி உருவங்களில் பல, பலகையில் வரைந்து ஓரம் வெட்டி நிறுத்தியவை. சுத்தமான கட்-அவுட்! களிமண்ணை எடுத்துப் போட்டுவிட்டு மில்போர்டு என்னும் தடித்த அட்டையில் வரைந்து வெட்டினேன். பின்னால் ஒரு குச்சி முட்டுக் கொடுத்ததும் அசையாமல் நிற்கிறது. நான் சிற்பம் செய்ய முயன்ற இடத்தில் அவர்கள் ஓவியம்தான் வைத்திருக்கிறார்கள். பருமனைக் காட்டியது நிழல் தீட்டிய கைதான்.

கோடுகளுக்கு, இந்த மேடையைப் பார்த்து வான் துல்டன் என்ற ஓவியர் செதுக்கிய அச்சுப்படத்தைப் பெரிதாகப் பிரதி எடுத்து வைத்திருக்கிறேன். வண்ணத்துக்கு, ரஷ்யாவின் ஹெர்மிடாஜ் அருங்காட்சியகத்தில் உள்ள ரூபென்ஸின் எண்ணெய் வண்ண முன்வரைவு.

இனி சங்கிலி. அறுந்த கொலுசிலிருந்து ஒரு துண்டு எடுத்து ஒட்டிப் பார்த்தேன். பளபளவென்று அது மட்டும் தனியாகத் துருத்தியது. பிய்த்துவிட்டு, பூஜ்ய எண் பிரஷால் 14 வளையங்கள் வரைந்தேன். முதலில் கரும்பழுப்பு, காய்ந்ததும் ஒவ்வொரு வளையத்தின் இடது மேல் ஓரத்தில் வெள்ளைப் புள்ளி, கீழே காலின் மேல் மெல்லிய சாம்பல் நிழல். அந்த நிழல் விழுந்ததும் சங்கிலிக்குக் கனம் வந்துவிட்டது. இரவு பதினொரு மணிக்கு வீட்டில் எல்லோரையும் எழுப்பிக் காட்டினேன்.

தெருவில் நின்றவர்கள் அண்ணாந்துதானே பார்த்திருப்பார்கள் என்று மாதிரியை அலமாரியின் மேல்தட்டில் ஏற்றிப் பார்த்தேன். உச்சி உருவங்களின் பாதங்களை மேல் விளிம்பு மறைக்கிறது. 4 மில்லிமீட்டர் உயரத்துக்கு அட்டைக் கீற்று கொடுத்துத் தூக்கியதும் சரியாயிற்று.

நகரம் அவ்வளவு கெஞ்சியும் நதி திறக்கவில்லை. ஸ்பெயினும் டச்சுக்காரர்களும் செய்துகொண்ட 1648 மியூன்ஸ்டர் சமாதான உடன்படிக்கை அந்த அடைப்பை உறுதியே செய்துவிட்டது. கையில் தூரிகையோடு இருக்கும்போது அதை நினைத்தால் மனசு கனக்கிறது.

பக்கவாட்டுப் படங்கள் இரண்டும் பாக்கி: ஒன்று செழிப்பு, மற்றது வறுமை. வறுமையைத்தான் முதலில் எடுக்கப் போகிறேன். பென்சில் கோடு போட்டுவிட்டேன், ஞாயிற்றுக்கிழமை வண்ணம்.