அதிதுளை எழுதுவது

எங்கள் விலங்கியல் சேரின் முப்பத்தோராம் நாள் நினைவு மலரை ரொறன்ரோவிலிருந்து வகுப்புத் தோழன் ஒருவன் பக்கம் பக்கமாகப் படம் பிடித்து அனுப்பியிருந்தான். தேவாரம், வம்சாவழி, மருமக்களின் கவிதை எல்லாம் தாண்டிப் போனால் "அன்னார் உருவாக்கிய மாணவர்கள்" என்று ஒரு பகுதி. வைத்தியர்களுக்கும் விரிவுரையாளர்களுக்கும் நடுவே ஒரு வரி: "நோர்வே நாட்டில் மீனியல் ஆய்வாளராக விளங்கும் மாணவர்." பெயர் போடவில்லை. போடாமலே எல்லாருக்கும் விளங்கிவிட்டது. எங்கள் பிரிவில் நோர்வேக்கு வந்தவன் நான் ஒருத்தன்தான்.

எங்கள் பழைய மாணவர் மலர்க்குழுத் தம்பி அடுத்த ஞாயிறே போன் எடுத்தார். "அண்ணை, சேரைப் பற்றி நீங்கள்தான் எழுதவேணும். அவரின்ரை பாடத்தையே தொழிலாச் செய்யிறது நீங்கள் ஒராள்தானே." நான் போனை மற்றக் காதுக்கு மாற்றிப் பிடித்துக்கொண்டு ஓம் என்று சொல்லிவிட்டேன்.

நான் பேர்கன் நகரத்தில் பஸ் ஓட்டுகிறேன். 25 வருடமாக ஓட்டுகிறேன். அந்த வரி பொய். அச்சடித்தவர்களில் பிழையில்லை, சேரின் காதில் அதைப் போட்டவன் நான்தான். சேரின் புகழை எழுதப் பலர் இருக்கிறார்கள். இதை நான் மட்டும்தான் எழுதலாம்.

அவருடைய வகுப்பைப் பற்றி உங்களுக்கு விளக்கத் தேவையில்லை. நாலாம் பாட மணி, மேல்மாடிக் கடைசி அறை, கரும்பலகையின் இடப்பக்க மூலை. அந்த மூலையில் யார் டஸ்டர் வைத்தாலும் தொலைந்தான். அது பெயர் பிரிக்கும் மூலை. "பெயரைப் பிரிக்கத் தெரியாதவன் தவளையைப் பிரிக்கக் கூடாது" என்பார். முதுகு கிழிந்த ஒரு தடித்த ஆங்கிலப் புத்தகத்தைப் பார்த்துத் தமிழில் சொல்லிக்கொண்டே போவார். பெற்றோமைசன் என்ற லாம்பிரே மீன் வந்தால் பெற்றா கல், மைசோ உறிஞ்சுதல், கல்லுறிஞ்சி. மிக்சீன் என்ற கடல்மீன் வந்தால் மிக்சா சளி. சோதனைக்கு வராத விஷயம் இது, எங்களுக்கும் தெரியும், அவருக்கும் தெரியும். கேட்டால், "சோதனைக்கு வராததைத்தான் நான் படிப்பிக்க வேணும், வாறதை ரியூட்டரி படிப்பிக்கும்" என்பார்.

1985இல் தாடையில்லாத வட்டவாய் மீன்களை லாம்பிரே ஒரு பக்கம், மிக்சீன் ஒரு பக்கம் என்று அவர் இரண்டாகப் பிரித்த அன்று நான் வகுப்பில் இல்லை. அன்றைக்குப் பஸ் ஓடவில்லை. ஏன் ஓடவில்லை என்பதும் உங்களுக்கு எழுதத் தேவையில்லை. அடுத்த கிழமை தவணைச் சோதனை. ஐந்தாம் கேள்வி: ஹைப்பரோட்ரீட்டி, ஹைப்பரோஆர்ட்டி என்னும் இரண்டையும் பெயர்ப் பொருள் தந்து ஒப்பிடுக.

எனக்கு ஹைப்பர் தெரியும். அப்பாவுக்கு ஹைப்பர்டென்ஷன். ட்ரீட்டோஸ் துளை என்பதும் தெரியும். எப்டட்ரீட்டஸ் என்றால் ஏழு துளை என்று முதல் நாள்தான் எழுதித் தந்திருந்தார். கூட்டிப் பார்த்தேன். ஹைப்பரோட்ரீட்டி: அதிதுளை. அளவுக்கு மிஞ்சிய துளைகள் உடையன. அதோடு நின்றிருக்கலாம். மற்றதில் ஆர்ட்டி என்று இருக்கிறதே, ஆர்ட்டரியாகத்தான் இருக்கும் என்று முடிவுகட்டி, ஹைப்பரோஆர்ட்டி: அதிநாடி, அளவுக்கு மிஞ்சிய நாடிகள் உடையன, ஆதலால் இரத்தம் உறிஞ்சும் இயல்பு பெற்றன என்று ஒன்றரைப் பக்கம் எழுதினேன். படமும் கீறினேன். அந்தப் படத்தில் என் மிக்சீன் புல்லாங்குழல் மாதிரி இருந்தது.

தாள்களைத் திருப்பிக் கொடுத்த அன்று என்னுடையதை மட்டும் கொடுக்கவில்லை. எழும்பி நிற்கச் சொல்லி, முழுவதையும், முற்றுப்புள்ளி கோமா உட்பட, நல்ல குரலில் வாசித்தார். பிறகு கேட்டார்.

"மிக்சீனுக்கு வெளியில எத்தினை பூத்துளை, அதுதான் செவுள்துளை?"

"பக்கத்துக்கு ஒண்டு, சேர்."

"அப்ப அதி எங்கயிருந்து வந்தது? உம்மட வீட்டிலயிருந்தோ?"

வகுப்பு சிரித்த சிரிப்புக்குக் கீழ்மாடியில் படிப்பித்துக்கொண்டிருந்த கணக்கு மாஸ்டர் படியேறி வந்து பார்த்தார். சேர் அத்தோடும் விடவில்லை. தாளை நடு ஹோல் அறிவித்தல் பலகையில் மூன்று நாள் குத்தி வைத்தார். பின்னேரம் ரியூசனுக்கு நான் சைக்கிளில் போய்ச் சேருமுன்பே பெயர் போய்ச் சேர்ந்திருந்தது. அதிதுளை. பெட்டையள் பக்கத்து வாங்கிலிருந்துகூட. இன்றைக்கும் லண்டன் ஒன்றுகூடலுக்குப் போனால், இரண்டாவது கிளாசுக்குப் பிறகு எவனாவது ஒருவன் கூப்பிடாமல் விடமாட்டான்.

சரியான பொருளை அவர் அன்றைக்கே சொன்னார். தலைக்குள் சத்தமாக இருந்ததால் எனக்கு அரைவாசிதான் ஏறியது. ஹைப்பரோவா என்பது கிரேக்கத்தில் அண்ணம். ஹைப்பரோட்ரீட்டி என்றால் அண்ணம் துளைபட்டவை. ஆர்ட்டியோஸ் என்றால் குறைவில்லாதது. ஹைப்பரோஆர்ட்டி என்றால் அண்ணம் முழுதாக மூடியவை. லாம்பிரேயின் மூக்குத்துளை உள்ளே போய் ஒரு பையில் முட்டி நின்றுவிடும். மிக்சீனின் மூக்குத்துளையோ அண்ணத்தைத் துளைத்துக்கொண்டு தொண்டைக்கே போகும். அதனால் அது மூக்கால் தண்ணீர் இழுத்துச் சுவாசிக்கும். "இவ்வளவுதான் விஷயம். ஒண்டில ஒழுங்கை முட்டொழுங்கை, மற்றதில ஒழுங்கை றோட்டுக்கு ஏறும்." இப்படி ஒரு சேர் யாருக்குக் கிடைக்கும் என்று இப்போது நினைக்கிறேன். அப்போது அவர் சைக்கிளுக்குக் காற்றுத் திறந்துவிட நினைத்தேன். திறந்தும் விட்டேன், ஒருநாள்.

சோதனை எடுத்தேன். புள்ளி காணவில்லை. 1987இல் நாட்டுப்புற உயர்பாடசாலை என்று ஒரு பள்ளி அனுமதிக் கடிதத்தைப் பிடித்துக்கொண்டு நோர்வேக்கு வந்தேன். அப்படி வந்த மற்றப் பெடியளைப் போல வடக்கே ஃபின்மார்க்கில் மீன் கொம்பனி. நிற்கிற இடத்தில் நின்றபடி கொட் மீனுக்கு முள்ளெடுப்பது. வெளியே மதியம் இருட்டு. ஒரு வருடம் உழைத்துவிட்டுப் பல்கலைக்கழகத்துக்கு விலங்கியல் படிக்கப் போவதாகத்தான் திட்டம். அந்த ஒரு வருடம் எத்தனை வருடமாக நீண்டது என்று இங்கே எண்ணிக் காட்டப்போவதில்லை. உங்களில் பாதிப் பேருக்கு அந்தக் கணக்கு தெரியும்.

பேர்கனுக்கு வந்த பிறகுதான் மிக்சீனைக் கண்டேன். கூட வேலைசெய்த நோர்வேக்காரர் ஒருவருடைய சின்ன வள்ளத்தில் ஒரு சனிக்கிழமை ஃபியோர்டுக்குப் போனோம். இரவு ஆழத்தில் போட்ட வலையை இழுத்தபோது ஒரு பெரிய கொட் வந்தது. பார்வைக்கு முழு மீன். தூக்கினால் பாரமே இல்லை. தோலும் முள்ளும் மட்டும், தலையணை உறை மாதிரி. அதன் செவுள் வழியாக இளஞ்சிவப்பாய், என் நடுவிரல் மொத்தத்தில், ஒன்று வழுகி வெளியே வந்தது. "ஸ்லீமோல்" என்று சொல்லி அந்த மனிதர் காறித் துப்பினார். சளிவிலாங்கு. விலாங்குக்கும் அதற்கும் ஒரு சொந்தமும் இல்லை, ஆனால் மீன்பிடிக்கிறவர்களின் வாயில் பெயர் அப்படித்தான்.

வாளித் தண்ணீரில் போட்டேன். இரண்டு நிமிடமில்லை, தண்ணீர் தண்ணீராக இல்லை. செவ்வரத்தம் இலையைக் கசக்கின மாதிரி, கையை விட்டு எடுத்தால் முழு வாளியும் கையோடு எழும்பி வருகிறது. பிறகு அது தன் வாலில் ஒரு முடிச்சுப் போட்டது. உண்மையான முடிச்சு, நாங்கள் சாக்குக்குப் போடுகிற முடிச்சு. அந்த முடிச்சைத் தலைப் பக்கமாக உருட்டிக்கொண்டே வந்து, மேலில் இருந்த சளியை எல்லாம் வழித்து எறிந்துவிட்டு வெளியே வந்தது. கண்ணென்று சொல்ல ஒன்றும் இல்லை. வாயைச் சுற்றி மீசை. நுனியில் ஒரே ஒரு மூக்குத்துளை.

செத்த பிறகு நான் செய்த காரியத்தைப் பார்த்து அந்த மனிதர் எனக்கு மூளை பிசகிவிட்டதென்று நினைத்திருப்பார். தங்கூசி நைலோன் நூலில் ஒரு சாண் வெட்டி, மூக்குத்துளைக்குள் மெல்ல விட்டேன். போய்க்கொண்டே இருந்தது. கத்தியால் தொண்டையைக் கீறித் திறந்தேன். உள்ளே தங்கூசியின் நுனி எட்டிப் பார்த்துக்கொண்டு நின்றது. ஒழுங்கை றோட்டுக்கு ஏறியிருந்தது.

அதற்குப் பிறகு ஓய்வு நாளில் நூலகத்துக்குப் போவது ஒரு வியாதியாகிவிட்டது. உயிர்களை வகைபிரித்துப் பெயரிட்ட லின்னேயஸ் 1758இல் இதை மீன் என்றே எண்ணாமல் புழுக்களோடு சேர்த்திருந்தார். பெர்லினில் யொகானஸ் மியுல்லர் 1830களில் இதை நரம்பு நரம்பாகப் பிரித்து எழுதினார். அண்ணத்தை வைத்து வட்டவாய் மீன்களை இரண்டாக்கிய அந்தப் பெயர்களை வழக்குக்குக் கொண்டுவந்தவர் அவர். இந்த பேர்கன் நூதனசாலையிலேயே 1880களில் ஒரு இளைஞர் மிக்சீனை வெட்டி, முதலில் ஆணாயிருந்து பிறகு பெண்ணாகிறது என்று எழுதினார். பின்னால் வந்தவர்கள் அதை அப்படியே ஏற்கவில்லை. அந்த இளைஞர் 1888இல் பனிச்சறுக்கில் கிறீன்லாந்தைக் குறுக்கே கடந்தார். அவர் ஃபிரித்யோஃப் நான்சன். பிற்காலத்தில் நாடில்லாத அகதிகளுக்குப் பயணப் பத்திரம் வாங்கிக் கொடுத்த அதே நான்சன்தான். என் முதல் பத்திரத்தின் பாட்டன் பத்திரம் அது. அந்த நூதனசாலையைத் தாண்டித்தான் நான் நாளுக்கு ஆறு தரம் பஸ் ஓட்டினேன்.

சேர் படிப்பித்த பிரிவுக்கும் ஒரு கதை நடந்திருக்கிறது. நாங்கள் படித்துக்கொண்டிருந்தபோதே ஐரோப்பாவில் வட்டவாய் மீன் என்ற குடும்பத்தைக் கலைக்கத் தொடங்கியிருந்தார்கள். லாம்பிரே தாடையுள்ளவற்றுக்குக் கிட்டிய சொந்தம், மிக்சீன் தனி என்று 1977இல் சேரன் லவ்த்ருப் எழுதினார். அப்போது ஹைப்பரோட்ரீட்டி தனிக்கிளையின் பெயராக நின்றது. பிறகு மூலக்கூறுகளை ஒப்பிடும் காலம் வந்தது. 2010 அளவில் இரண்டையும் திரும்பவும் ஒரே வீட்டுக்குள் விட்டார்கள். இப்போது மிக்சினி என்ற பெயரே அதிகம் புழங்குகிறது, ஹைப்பரோட்ரீட்டி வகைப்பாட்டு நூல்களின் ஓரத்தில் கிடக்கிறது. பிரித்து, சேர்த்து, கடைசியில் எங்கள் கரும்பலகை மூலையில் கிடந்த இடத்துக்கே வந்து நிற்கிறார்கள்.

2003இல் போர்நிறுத்தத்தால் பாதை திறந்திருந்த காலத்தில் ஊருக்குப் போனேன். சேர் ஓய்வெடுத்து, கண்ணும் மங்கி, விறாந்தையில் சாய்மனைக் கதிரையில் இருந்தார். குரலைக் கேட்டும் அவருக்குப் பிடிபடவில்லை.

"நோர்வேயில என்ன செய்யிறீர்?"

சொல்லியிருக்கலாம். அவர் பஸ் சாரதியைக் குறைவாக நினைக்கிற மனிதர் இல்லை. பொக்கற்றில் நோர்வேப் பாஸ்போட் இருந்தது, கையில் சொக்கிளேற் பெட்டி இருந்தது, வாய் தன் பாட்டில் சொன்னது: "மீன்கள் சம்பந்தமாத்தான், சேர்."

"விலங்கியலோ!" கதிரையில் நிமிர்ந்துவிட்டார். "அப்ப சொல்லும் பாப்பம், ஹைப்பரோட்ரீட்டி?"

அண்ணம் துளைபட்டவை என்றேன். தங்கூசி விட்டுப் பார்த்ததையும் சொன்னேன். அவர் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "கையால பிடிச்சனீரோ? என்ன நிறம்? மணமிருக்கோ? முடிச்சு உண்மையாப் போடுமோ?" என்று ஒன்றன்பின் ஒன்றாகக் கேட்டார். அப்போதுதான் எனக்கு உறைத்தது. அத்தனை வருடம் அத்தனை பிரிவுகளுக்கு நிறச் சோக்கில் கீறிக் காட்டிய மனிதர் அதை ஒருநாளும் கண்டதில்லை. எங்கள் ஆய்வுகூட அலுமாரியில் சுறாக்குட்டி இருந்தது, கடற்குதிரை இருந்தது. இது இருக்கவில்லை.

"ஒண்டு அனுப்பி வையும். பெடியள் பாக்கட்டும்."

"கட்டாயம், சேர்."

படியிறங்கிப் படலையைத் திறக்கும்போது பின்னாலிருந்து குரல் வந்தது. "அதிதுளை!" திரும்பிப் பார்த்தேன். சிரித்துக்கொண்டிருந்தார்.

சில வருடம் கழித்து ஒரு கிரேக்க அகராதியில் தற்செயலாகப் பார்த்தேன். ஹைப்பரோவா என்ற சொல்லே ஹைப்பரில் பிறந்ததுதான். ஹைப்பர் என்றால் மேல். அதிலிருந்து மேல்மாடிக்கும் ஒரு சொல், வாயின் மேற்பகுதிக்கும் ஒரு சொல். தமிழிலும் அப்படித்தானே: அண் என்றால் மேல், அதனால்தான் அண்ணாந்து பார்க்கிறோம், அதனால்தான் அண்ணம். ஆக என்னுடைய "அதி" முழுதும் என் வீட்டிலிருந்து வரவில்லை. ஐந்தாம் கேள்விக்கு அரைப் புள்ளியாவது தந்திருக்கலாம். இதைச் சொல்ல டெலிபோனைக் கையில் எடுத்தேன். எடுத்தால் ஆய்வு எப்படிப் போகிறது என்று கேட்பாரே என்று வைத்துவிட்டேன். அப்படிப் பல தரம் வைத்தேன்.

மிக்சீன் ஒன்றை 2004இலேயே எடுத்துப் போமலினில் போட்டு வைத்திருந்தேன். விமானத்தில் விடமாட்டார்கள் என்றார்கள். பிறகு பாதை பூட்டிற்று. பிறகு நானும் விசாரிக்கவில்லை. போத்தல் இப்போதும் எங்கள் கீழ்வீட்டுக் களஞ்சிய அறையில், பிள்ளைகளின் பழைய பனிச்சறுக்குப் பலகைகளுக்குப் பக்கத்தில் நிற்கிறது. லேபிளைத் தமிழில் எழுதி ஒட்டியிருக்கிறேன். கல்லூரியின் பெயர், விலங்கியற் கூடம், மிக்சீன் குளுட்டினோசா, அண்ணம் துளைபட்டது. உடம்பு கொஞ்சம் வெளிறிவிட்டது, மீசை அப்படியே இருக்கிறது. தங்கூசியை மூக்கிலிருந்து எடுக்கவில்லை.

ஊருக்குச் சாமான் கப்பலில் அனுப்புகிறவர்கள் யாராவது இருந்தால் மலர்க்குழுவிடம் என் நம்பர் இருக்கிறது. மூடி இறுக்கம், அதைத் திறக்காமலே கொண்டுபோகலாம்.