மே மாதத்தில் வெண்ணெய் பிஸ்கட்

மே 11, திருவையாறு

ஷார்ட்பிரெட் செய்து பார்த்தேன். ஸ்காட்லாந்து பிஸ்கட். எடையில் சர்க்கரை ஒரு பங்கு, வெண்ணெய் இரண்டு, மைதா மூன்று, அவ்வளவுதான் கணக்கு. முட்டை, சோடா எதுவும் வேண்டாம். 50, 100, 150 கிராம் என்று நிறுத்தேன். வீட்டில் கடைந்த வெண்ணெய் இருக்கும்போது கடைக்கு எதற்குப் போக வேண்டும்? அதையே போட்டேன்.

தட்டில் அடுக்குவதற்குள் மாவு களியாகிவிட்டது. அடுப்படியில் அப்போது 36 டிகிரி இருக்கும். அந்தச் சூட்டில் வெண்ணெய் எப்படி நிற்கும்? ஓவனில் எல்லாம் ஒட்டிக்கொண்டு ஒரே அடையாக வந்தது. கடித்தால் ஆறிப்போன சப்பாத்தி. மகன் இரண்டு வாய் தின்றான், என் முகத்துக்காக.

மே 12

மதியம் முழுக்க கரண்ட் இல்லை.

மே 14

அத்தை மிச்சத்தை உடைத்துப் பார்த்தார். "வெண்ணெயில மோர் நிக்குதும்மா, நல்லா அலசினியா?"

அலசவில்லை. ஈரம் பட்டால் மைதாவுக்கு இழுவை வந்துவிடும். கொழுப்பு முந்திக்கொண்டு மாவைப் பூசினால்தான் பொரபொரவென்று உதிரும். 'ஷார்ட்' என்ற பெயரே இந்த உதிர்வைத்தான் சொல்கிறது. நான் இத்தனை நாள் குட்டை என்று நினைத்திருந்தேன்! தேன்குழல் மாவில் அத்தை வெண்ணெய் பிசிறுவதும் இதற்குத்தான். "கொறைஞ்சா கல்லு, கூடினா எண்ணெயிலயே உதிர்ந்துடும்" என்றார்.

மே 17

காலை 5 மணிக்கே ஆரம்பித்தேன். வெண்ணெயை ஐஸ் தண்ணீரில் மூன்று முறை அலசி, துணியில் வைத்து அழுத்தினேன். மைதாவில் 30 கிராமைக் குறைத்து, முறுக்குக்குச் சலித்து வைத்த பச்சரிசி மாவைச் சேர்த்தேன். இது அத்தை யோசனை. ஸ்காட்லாந்திலும் அரிசி மாவு போடுவதுண்டு என்றதும் அவருக்கு ஒரே பெருமை.

பிசையவே இல்லை, சேர்த்துப் பிடித்ததோடு சரி. தட்டி, முள்கரண்டியால் குத்தி, அரை மணி ஃப்ரிட்ஜில் வைத்தேன். அப்புறம் 160 டிகிரியில் 25 நிமிடம். ஓரம் வைக்கோல் நிறத்துக்கு வந்ததும் நிறுத்திவிட்டேன். சூட்டோடு ஒன்றை எடுக்கப் போய் உடைந்தது. மற்றதைத் தட்டிலேயே ஆறவிட்டேன். வாயில் வைத்ததும் கரைந்தது.

மே 18

டப்பா காலி. காபியில் தோய்த்துத் தின்ற அத்தைக்கு ஒரே ஒரு குறை, ஏலக்காய் இல்லையாம். போட்டால் அது நான்கட்டாய், அதாவது நம்மூர் நெய் பிஸ்கட் ஆகிவிடும் என்றேன். ஒத்துக்கொள்ளவில்லை. அடுத்த தடவை பாதி மாவில் போடுவதாகப் பேச்சு.