சாட்சி சொன்ன டிபன் டப்பா

2025 ஜூலை 21 அன்று மும்பை உயர் நீதிமன்றம் 2006 ரயில் குண்டுவெடிப்பு வழக்கில் 12 பேரையும் விடுதலை செய்தது. அந்த வண்டிகளில் ஒன்றில் காயம்பட்டவன் நான். அன்றைக்கு எனக்கு நாலைந்து போன் வந்தது. தீர்ப்பைப் பற்றி ஆளுக்கொன்று சொன்னார்கள். போனை வைப்பதற்கு முன்னால் எல்லோரும் ஒரே கேள்விக்குத்தான் வந்தார்கள்: "உங்களுக்குப் பணம் கிடைச்சுதா சார்?"

கிடைத்தது. எப்படிக் கிடைத்தது என்பதை எழுதி வைத்தால் யாருக்காவது உதவும். தீர்ப்பைப் பற்றிச் சொல்ல என்னிடம் ஒன்றும் இல்லை. குண்டு வைத்தது யார் என்று அன்றைக்கும் எனக்குத் தெரியாது, இன்றைக்கும் தெரியாது.

2006 ஜூலை 11, செவ்வாய்க்கிழமை. சர்ச்கேட்டில் ஏறி பொரிவலிக்குத் திரும்பிக்கொண்டிருந்தேன். மாலை 6.24க்கு ஆரம்பித்து 11 நிமிடத்துக்குள் மேற்கு லைனில் ஏழு இடத்தில் வெடித்தது, ஏழும் முதல் வகுப்புப் பெட்டிகள். என்னுடையது மாஹிமில் வெடித்த வண்டி. எனக்கும் குண்டுக்கும் நடுவில் நின்றிருந்தவர்களைப் பற்றி எழுத மாட்டேன். பக்கத்துக் குடிசைகளிலிருந்து ஓடி வந்தவர்கள் ஒரு பூப்போட்ட பெட்ஷீட்டில் கிடத்தி என்னைத் தூக்கிப்போனார்கள். தோளில் இரும்புத் துண்டு, இரண்டு காதிலும் ஜவ்வு கிழிந்திருந்தது. ஒன்பது நாளில் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.

நான் ஆஸ்பத்திரியில் கிடந்தபோதே, மறுநாள் காலையில், வண்டிகள் ஓட ஆரம்பித்துவிட்டன. டிவியில் மும்பையின் மனவலிமையைப் பாராட்டிக்கொண்டே இருந்தார்களாம். ஓடாமல் என்ன செய்வது, வேலைக்குப் போகாவிட்டால் சம்பளம் யார் தருவார்கள்? நான் குறை சொல்லவில்லை. ஆனால் ஊர் எழுந்து நின்ற அந்த வேகத்தில்தான் என்னுடைய காகிதமெல்லாம் காணாமல் போனது. பெட்டியைக் கழுவினார்கள், பைகளை அள்ளினார்கள், காயம்பட்டவர்கள் பட்டியலை அரக்கப்பரக்க எழுதினார்கள். நான் அந்த வண்டியில் இருந்தேன் என்பதற்கு என் தோளைத் தவிர அத்தாட்சி இல்லை.

கருணைத்தொகை வேறு, இழப்பீடு வேறு. இதை முதலில் புரிந்துகொள்ளுங்கள். அமைச்சர்கள் டிவியில் அறிவிப்பது கருணைத்தொகை. அதை வாங்கியாயிற்று, விஷயம் முடிந்தது என்று பலர் நின்றுவிடுகிறார்கள். ரயில்வே சட்டத்தில் 124ஏ என்று ஒரு பிரிவு இருக்கிறது. ரயிலிலோ ஸ்டேஷன் வளாகத்திலோ பயங்கரவாதச் செயலால் அடிபட்டால், யார் தவறு என்று நிரூபிக்காமலேயே ரயில்வே உரிமைகோரல் தீர்ப்பாயத்தில் இழப்பீடு கேட்கலாம். பிளாட்பார டிக்கெட் வைத்திருந்தவருக்கும் அது பொருந்தும். சம்பவம் நடந்த ஊரில்தான் மனுப் போட வேண்டும் என்பதில்லை, குடியிருக்கும் ஊரின் பெஞ்சிலும் போடலாம். ஆனால் ஒரு வருடத்துக்குள் போட்டுவிட வேண்டும். தாமதத்துக்கு மன்னிப்பு உண்டு, அதற்குத் தனியாக மனு எழுதிக் காரணம் சொல்லிக் கெஞ்ச வேண்டும்.

டிக்கெட்டோடு வந்த பயணி என்று காட்ட வேண்டுமே, அதில்தான் என் சிக்கல்: பாஸ். முதல் வகுப்பு, மூன்று மாத பாஸ், ஆபீஸ் பையில் இருந்தது. பை எங்கே என்று யாருக்கும் தெரியவில்லை.

சரி, ஆஸ்பத்திரிப் பட்டியலாவது இருக்கிறதே என்று அங்கே போனேன். அதில் என் பெயரின் பின்பாதி மட்டும் இருந்தது. வயது 43க்குப் பதில் 34. குடும்பப் பெயர் கட்டத்தில் ஒரு கோடு. நமக்கு ஏது குடும்பப் பெயர்? அப்பா பெயரின் முதலெழுத்தைச் சொன்னால், "அது சரி, ஸர்நேம் என்ன?" என்று மறுபடி கேட்பார்கள். மும்பையில் இருபது வருடமாக இதே பஞ்சாயத்து. இரண்டும் ஒரே ஆள்தான் என்று நோட்டரியிடம் பிரமாணப் பத்திரம் எழுதிக் கொண்டுபோனால் ரெக்கார்டு அறையில் இருந்தவர் "உத்யா யா" என்றார். மராத்தியில் நாளைக்கு வா. மூன்று நாளைக்குப் பிறகு திருத்திக் கொடுத்தார்.

வாங்கிக்கொண்டு வெளியே வந்து படித்தால், டிஸ்சார்ஜ் தாளில் தோள் காயம் மட்டும்தான். காதைப் பற்றி ஒரு வரி இல்லை. திரும்பி உள்ளே ஓடினேன். பார்த்த டாக்டர், "காது பத்தி நீங்க எதுவும் சொல்லலையே, கேட்டேனே" என்றார். கேட்டது எனக்குக் கேட்கவில்லை, டாக்டர். அவர் சிரித்துவிட்டார், எனக்குச் சிரிப்பு வரவில்லை. பிறகு காது-மூக்கு-தொண்டை மருத்துவரிடம் அனுப்பி, ஆடியோகிராம் எடுத்து, சம்பவத் தேதியைக் குறிப்பிட்டு ஒரு கடிதம் வாங்கினேன். வலது காது ஆறிவிட்டது, இடது ஆறவில்லை. இதற்கே இரண்டு மாதம் போனது. ஆஸ்பத்திரியை விட்டுக் கிளம்பும்போது டிஸ்சார்ஜ் தாளை அங்கேயே நின்று படியுங்கள். உங்களால் முடியாவிட்டால் கூட இருப்பவர் படிக்கட்டும்.

அப்புறம் பை. வண்டிகளில் எடுத்த பொருட்களை ஓர் அலுவலகத்தில் வைத்திருப்பதாகக் கேள்விப்பட்டுப் போனேன். எந்த அலுவலகம் என்பது வேண்டாம். சின்ன அறை, மழைக்கால ஈர நாற்றம். ஒரு பக்கம் குடைகள், கறுப்பு எல்லாம் ஒரே மாதிரி. ஒரு பக்கம் செருப்பும் ஷூவும், பாதிக்கு ஜோடி இல்லை. சுவரோரமாக டிபன் டப்பாக்கள். என் பை அங்கே இல்லை. டப்பா இருந்தது. ஒரு பக்கம் நசுங்கி, மூடி கோணி, ஆனால் என்னுடையதுதான். என் மனைவிக்குச் சீராக வந்த பாத்திரம். அடியில் "சு.ரா. 12.9.91" என்று பெயர் வெட்டியிருக்கும், நம் ஊர்க் கடைகளில் புள்ளி புள்ளியாக வெட்டித் தருவார்களே, அது.

குமாஸ்தா திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இது என்ன, கன்னடமா?" தமிழ் என்றேன். "நீ சொன்னால் ஆயிற்றா? படிக்கத் தெரிந்தவர் சொல்லட்டும்." அந்த நேரம் பார்த்து டீ கொண்டுவந்த பையன் எட்டிப் பார்த்தான். தாராவிக்காரன், பேச்சில் திருநெல்வேலி. "அண்ணாச்சி, சு.ரா.ன்னு போட்டிருக்கு, பன்னெண்டு ஒம்போது தொண்ணூத்தி ஒண்ணு" என்று தமிழில் எனக்குப் படித்துவிட்டு அவருக்கு மராத்தியில் சொன்னான். அவரும் விடவில்லை. அந்தத் தேதிக்கும் உனக்கும் என்ன சம்பந்தம்? கல்யாணத் தேதி. ருசு?

அன்றைக்கு வெறும் கையோடு பொரிவலி திரும்பினேன். மறுநாள் கல்யாணப் பத்திரிகையோடு போனேன். ஒரு பக்கம் தமிழ், மறுபக்கம் இங்கிலீஷ் என்று அச்சடித்த மாமனார் நன்றாக இருக்கட்டும். ஓரத்தில் மஞ்சள் இன்னும் இருந்தது. குமாஸ்தா பத்திரிகையை ஸெராக்ஸ் எடுத்து ஃபைலில் சேர்த்தார், டப்பாவைக் கொடுத்தார். நான் டப்பாவுக்காகப் போகவில்லை. "மாஹிம், முதல் வகுப்புப் பெட்டியில் எடுத்தது" என்று அவர் எழுதிக் கொடுத்த ரசீதுக்காகப் போனேன்.

பாஸ் நம்பருக்கு வீட்டிலேயே வழி கிடைத்தது. காலாவதியான பழைய பாஸ் ஒன்றைச் சுந்தரகாண்டத்தில் அடையாளத்துக்கு வைத்திருந்தாள் மனைவி. அடையாள அட்டை எண் பழைய பாஸிலும் புது பாஸிலும் ஒன்றுதான். கூடவே, தினமும் ஒரே பெட்டியில் வரும் கூட்டாளிகளில் ஒருவர் பிரமாணப் பத்திரம் கொடுத்தார்.

2007 ஜூனில், கெடு முடிய மூன்று வாரம் இருக்கும்போது மனுப் போட்டேன். தீர்ப்பாயத்தில் தொல்லை எதுவும் இல்லை. நீதித்துறை உறுப்பினர் ஒருவர், தொழில்நுட்ப உறுப்பினர் ஒருவர் உட்கார்ந்து கேட்டார்கள், ரசீதைப் பார்த்தார்கள், பாஸ் விவகாரம் அதோடு முடிந்தது. தொகை பெரிதில்லை. உயிரிழப்புக்கு அப்போது 4 லட்சம், 2017 முதல் 8 லட்சம். காயத்துக்கு ஓர் அட்டவணை உண்டு. காது முழுச் செவிடாக இருந்தால் அதில் இடம் உண்டு, என்னுடையது அரைச் செவிடு. வலிக்கும் வேதனைக்கும் என்று அவர்கள் நியாயமாகக் கருதிய தொகையைக் கொடுத்தார்கள்.

டிக்கெட் கையில் இல்லை என்பதற்காக மட்டும் ஒருவர் பயணியே இல்லை என்றாகிவிடாது என்று 2018ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பிரமாணப் பத்திரம் கொடுத்து மற்ற விவரங்களைக் காட்டினால் போதும், அதற்குப் பிறகு மறுக்கும் பொறுப்பு ரயில்வேயுடையது. எனக்கு 12 வருடம் தாமதமாக வந்த நல்ல சேதி.

இப்போது பாஸ் போனிலேயே வந்துவிட்டது. போன் உடைந்தால் பாஸும் போச்சு. எடுத்த உடனே ஒரு ஸ்கிரீன்ஷாட்டை வீட்டில் ஒருத்தருக்கு அனுப்பிவிடுங்கள். டிக்கெட் பரிசோதகரிடம் அது செல்லாது, ஆனால் நம்பராவது வீட்டில் இருக்கும். என் பையனிடம் சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டது. மாதம் ஒரு தடவை அவன் குளிக்கப் போகும்போது அவன் போனை எடுத்து நானே எனக்கு அனுப்பிக்கொள்கிறேன்.